நம்ம ஊருக்கா ட்ரிப்?



போன மாதம் கொழும்பிலிருந்து அக்கா மகள் பேசினாள். வெள்ளவத்தையில் ஒரு துணிக்கடையில் கணக்குப் பார்க்கிறாள். போயா லீவோடு சனி, ஞாயிறும் சேர்ந்து மூன்று நாள் கிடைத்திருக்கிறதாம். கூட வேலை செய்கிற பிள்ளைகள் எல்லாரும் எல்லவுக்குப் போகிறார்களாம்.

"சித்தி, அங்க ஒரே சனம். தண்ணிக்கரையில சின்ன ஊரா, சத்தமில்லாம மூணு நாள் கெடக்குற மாதிரி ஒரு எடம் சொல்லுங்களேன்" என்றாள்.

நான் யோசிக்கவே இல்லை. "மஸ்கெலியாவுக்கு வா" என்றேன்.

அவள் சிரித்துவிட்டாள். "அது நம்ம ஊரு சித்தி. நம்ம ஊருக்கு யாராச்சும் ட்ரிப் போவாங்களா?"

அந்தச் சிரிப்பை நான் குறை சொல்லமாட்டேன். அவள் வயதில் நானும் அப்படித்தான் சிரித்திருப்பேன். தீபாவளிக்கு ஊருக்கு வருவோம். தோட்டத்துத் திருவிழாவுக்கு வருவோம். கல்யாணத்துக்கும் கருமாதிக்கும் வருவோம். ஓய்வெடுக்க என்று வந்ததில்லை. தோட்டத்தில் ஒரு நாளுக்கு ஒரு பேர். பேர் விழாத நாள் சம்பளம் இல்லாத நாள். நாட்களை அப்படி எண்ணிப் பழகிய வீடுகளில், சும்மா உட்கார்ந்து தண்ணீரைப் பார்ப்பது துரைமார் வேலை. நமக்கு அது கூச்சமாக இருக்கும்.

இந்த இதழை நம் மலைகளின் தண்ணீர்க்கரை ஊர்களுக்கென்றே ஒதுக்கியிருக்கிறோம். உள்ளே போகுமுன், அக்கா மகளுக்குச் சொன்ன வழியை உங்களுக்கும் சொல்லிவிடுகிறேன்.

ஏரி என்றதும் எல்லாருக்கும் நினைவுக்கு வருவது நுவரெலியாதான். பீதுருதாலகாலை மலையிலிருந்து இறங்கும் ஓடை சதுப்பாகக் கிடந்த பள்ளத்தில், 1873இல் ஆளுநர் வில்லியம் கிரகரியின் காலத்தில் ஏரி கட்டினார்கள். நானுஓயாவுக்கு ரயில் வந்தது 1885இல். ஆக, ரயிலுக்குப் பன்னிரண்டு வருடம் முந்தியே துரைமார் படகு விடுவதற்கு ஏரி தயாராகிவிட்டது. மலைகளில் அப்போது கோப்பிக் காலம்கூட முடியவில்லை.

ஏப்ரல் சீசனில் கிரகரி ஏரிக்கரையில் நிம்மதியைத் தேடாதீர்கள். குதிரை, படகு, பலூன், சோளம், பாட்டுச் சத்தம் என்று கரை முழுக்கத் திருவிழாதான். பிள்ளைகளுக்கு அது பிடிக்கும், கூட்டிப் போங்கள். உங்களுக்கு ஏரி வேண்டுமென்றால் சீசன் இல்லாத மாதத்தில், விடிந்ததும் விடியாததுமாகப் போங்கள். தண்ணீரிலிருந்து பனி எழுந்து சைப்ரஸ் மரங்களுக்குள் நுழைகிற அந்த அரை மணி நேரத்துக்கு யாரும் டிக்கெட் கேட்கமாட்டார்கள்.

அங்கிருந்து ஹட்டன் பக்கம் இறங்கும் வழியில் தலவாக்கலை இருக்கிறது. நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது அது ஆற்றங்கரை ஊர். மேல் கொத்மலைத் திட்டம் 2012இல் முடிந்தபின் ஏரிக்கரை ஊராகிவிட்டது. 150 மெகாவாட் மின்சாரத்துக்காக ஆற்றை மறித்துச் சுரங்கத்துக்குள் விட்டார்கள். கீழே சென் கிளயார் அருவிக்குப் பகலில் மட்டும் அளந்து தண்ணீர் விடுவது என்று ஏற்பாடு. முன்பு அந்த அருவி இரவிலும் இரைந்துகொண்டிருந்தது. இப்போது அதற்கும் பெரட்டு நேரம், வேலை விடும் நேரம் உண்டு.

நான் உங்களை நிறுத்திக் காட்ட விரும்புகிற இடங்கள் இனிமேல்தான் வருகின்றன. ஹட்டன் பஸ் நிலையத்தில் மஸ்கெலியா பஸ்ஸில் இடது பக்கம், வலது பக்கம் என்று பார்க்காமல் ஜன்னலோரமாக ஓர் இடம் பிடியுங்கள். பாதை அத்தனை வளைவு. எந்தப் பக்கம் உட்கார்ந்தாலும் தண்ணீர் ஒருமுறை உங்கள் பக்கம் வந்தே தீரும். டிக்கோயா தாண்டியதும் காசல்ரீ நீர்த்தேக்கம் தெரியத் தொடங்கும். கெஹெல்கமு ஓயாவை மறித்து 1965இல் நிரப்பியது. மலைகளின் மடிப்புக்குள் எல்லாம் தண்ணீர் விரல் விட்டுக் கிடக்கும். கரை வரைக்கும் தேயிலை இறங்கியிருக்கும். மேட்டில் 1878இல் கட்டிய வார்லி தேவாலயம். சின்னக் கற்கோயில், அதைச் சுற்றிப் பழைய துரைமாரின் கல்லறைகள். பெயரும் ஊரும் வயதும் ஒழுங்காக வெட்டியிருப்பார்கள். நம் பாட்டன்மாரைப் புதைத்த இடங்களில் அப்படிக் கல் இல்லை. எந்த மலை, எத்தனையாம் நம்பர் என்று வயதானவர்கள் கை நீட்டிக் காட்டினால்தான் உண்டு.

காசல்ரீயைச் சுற்றியுள்ள துரை பங்களாக்கள் சில இப்போது சொகுசு விடுதிகள். அங்கே ஓர் இரவு தங்கும் காசு நம் மாதச் சம்பளக் கணக்குக்குள் அடங்காது. போகட்டும். அந்த விடுதித் தாழ்வாரத்திலிருந்து தெரிகிற அதே தண்ணீர்தான் நோர்வூட் பஸ் தரிப்பிலிருந்தும் தெரிகிறது. கையில் ஒரு பிளேன்டீயும் பணிஸும் இருந்தால் போதும். இன்னும் மேலே ஏற மனமிருந்தால் பொகவந்தலாவை இருக்கிறது. ஒளிப்படக் கலையின் முன்னோடிகளில் ஒருவரான ஜூலியா மார்கரெட் கேமரன் 1879இல் இந்தப் பள்ளத்தாக்கில்தான் இறந்தார். பொகவந்தலாவை சென் மேரிஸ் தேவாலயத்தில் அவருடைய கல்லறையைப் பார்க்கலாம்.

இனி மஸ்கெலியா. என் அம்மாவின் ஊர் இரண்டு மஸ்கெலியாக்களில் ஒன்று.

மவுஸ்ஸாக்கலை அணை 1969இல் கட்டி முடிந்தது. அதற்கு முன்பு பள்ளத்தில் ஒரு மஸ்கெலியா இருந்தது. கடைவீதி, கோயில், விகாரை, பள்ளிவாசல் எல்லாம் அங்கேதான். மஸ்கெலி ஓயாவின் தண்ணீர் ஏற ஏற, சனமும் கடைகளும் மேட்டுக்கு ஏறின. இன்று நாம் பஸ்ஸை விட்டு இறங்குகிற நகரம் அப்படி உண்டானதுதான். அம்மாவுக்குக் காது குத்தியது பழைய கோயிலில். "ஆசாரி ஊசியை எடுத்ததும் ஓடிட்டேன், கடைவீதி முனை வரைக்கும் தொரத்திப் புடிச்சாங்க" என்று சொல்லுவார். எங்களுக்குச் சின்ன வயதில் அது விளங்காது. தண்ணீருக்குள் எப்படி ஓடினார் என்று கேட்போம்.

சில வருடங்களில் சில வாரங்கள் அந்தக் கேள்விக்குப் பதில் கிடைக்கும். தை, மாசி கழிந்து வெயில் ஏறினால் நீர்மட்டம் இறங்கும். மழை பொய்த்த வருடங்களில் சேற்றுக்குள்ளிருந்து பழைய மஸ்கெலியா எழுந்து வரும். கோயிலின் கல், விகாரையின் மிச்சம், பள்ளிவாசலின் சுவர், பாலத்துண்டு, பாதை. சனம் இறங்கிப் போய்ப் பார்க்கும். ஒருவர் கற்பூரம் கொளுத்துவார், ஒருவர் படம் எடுப்பார். சிவனொளிபாத மலையின் சீசனும் அந்த மாதங்களில்தான். மார்கழிப் பௌர்ணமிக்குத் தொடங்கி வெசாக்கோடு முடியும். நல்லதண்ணிக்குப் போகிற பஸ்கள் இரவெல்லாம் அந்தத் தண்ணீரோரமாகவே போகும். உள்ளே இருப்பவர்கள் பெரும்பாலும் தூக்கத்தில் இருப்பார்கள். எத்தனையோ யாத்திரைக்காரர்கள் ஒரு முழு ஊரைக் கடந்து போகிறோம் என்று தெரியாமலே போய் வருகிறார்கள்.

கொத்மலையிலும் இதே கதைதான். மகாவலித் திட்டத்தில் 1985இல் திறந்த அந்த நீர்த்தேக்கத்தில் சிங்களக் கிராமங்கள் மூழ்கின. கடதொர விகாரை நீர் வற்றும்போது இன்னும் தலைகாட்டுகிறது. அங்கேயும் ஒரு பாட்டி யாருக்கோ கையைக் காட்டிச் சொல்லிக்கொண்டிருப்பார்.

இத்தனை தண்ணீரும் எங்கே போகிறது? அக்கா மகளிடம் இதைத்தான் கேட்டேன். அவளுக்குத் தெரியவில்லை. காசல்ரீத் தண்ணீர் சுரங்கம் வழியாக நோட்டன் பிரிட்ஜ் பக்கம் விமலசுரேந்திர மின்நிலையத்துக்கு இறங்குகிறது. இந்த மலைகளின் ஓடைகளிலிருந்து மின்சாரம் எடுக்கலாம் என்று 1918இலேயே கட்டுரை எழுதி வாதாடிய பொறியியலாளரின் பெயர் அது. லக்ஷபான மின்நிலையம் 1950இல் திறந்தபோது அவர் முதியவர். மூன்று வருடத்தில் மறைந்துவிட்டார். மவுஸ்ஸாக்கலைத் தண்ணீர் கனியன் மின்நிலையம் வழியாக வருகிறது. மலையடிவாரத்தில் இரண்டு ஓயாக்களும் சேர்ந்தால் அதுதான் களனி கங்கை. களனியிலிருந்து அம்பத்தலையில் எடுத்துச் சுத்திகரித்த தண்ணீர்தான் கொழும்புக் குழாய்களில் பெரும்பாலும் வருகிறது.

"நீ வெள்ளவத்தையில முகம் கழுவுறது நம்ம ஊரு தண்ணியிலதான்" என்றேன். கொஞ்ச நேரம் பேச்சே இல்லை.

இந்தக் கதையில் இன்னொரு பக்கமும் உண்டு. மின்கம்பிகள் நம் லயங்களின் தலைக்கு மேலாகத்தான் கொழும்புக்குப் போயின. லயத்துக்குள் வெகுகாலம் குப்பி விளக்குதான் எரிந்தது. என் பாடங்களை அதன் புகையில்தான் படித்தேன். அதனால் அந்த ஏரியை அழகு என்று சொல்ல எனக்கு நாள் எடுத்தது. இப்போது சொல்கிறேன், அழகுதான். அந்த அழகுக்கு நாமும் விலை கொடுத்திருக்கிறோம். விலை கொடுத்தவர்கள் ஒருமுறை உட்கார்ந்து பார்ப்பதில் என்ன கூச்சம்?

நோட்டன் பிரிட்ஜ் வரை போகிறவர்கள் ஓர் இடத்தில் தலை தாழ்த்திவிட்டு வாருங்கள். 1974 டிசம்பர் 4ஆம் திகதி இரவு, இந்தோனேசியாவிலிருந்து ஹஜ் யாத்திரிகர்களை ஏற்றி வந்த விமானம் சப்த கன்னியர் மலையில் மோதியது. விமானத்திலிருந்த 191 பேரும் இறந்தார்கள். அவர்களுக்கு அங்கே நினைவுச்சின்னம் உண்டு. சுரபாயாவிலிருந்து புறப்பட்டு மக்காவைப் பார்க்கப் போனவர்களின் கடைசிப் பெயர்ப்பலகை நம் மலையில் இருக்கிறது.

போகிறவர்களுக்குச் சில வார்த்தைகள். தை முதல் பங்குனி வரை வானம் தெளிவாக இருக்கும். சீசன் வார இறுதிகளில் மஸ்கெலியாப் பாதையில் நெரிசல், கிழமை நாட்களில் போங்கள். வைகாசிக்குப் பின் தென்மேல் பருவமழை தொடங்கினால் ஏரி நிரம்பி நிற்பது தனி அழகு. ஆனால் வான்கதவு திறக்கப்போவதாக வானொலியில் சொன்னால் அணைக்குக் கீழே ஆற்றில் இறங்காதீர்கள். நீச்சல் தெரிந்தாலும் நீர்த்தேக்கத்தில் குளிக்க வேண்டாம். அடியில் சேறு, குளிர், பழைய மரக்குத்திகள். அட்டைக்கு உப்பும் சவர்க்காரமும் எடுத்துக்கொள்ளுங்கள். தங்குவதற்கு ஊர்க்காரர் நடத்தும் சின்ன விடுதிகள் உண்டு. காசு அவர்கள் கைக்குப் போகட்டும். கொழுந்து எடுக்கிற பெண்களைப் படம் எடுக்குமுன் ஒரு வார்த்தை கேளுங்கள். அது அவர்களுக்கு வேலை நேரம். சாப்பிட்ட பொட்டலத்தைக் கரையில் போட்டுவிட்டு வராதீர்கள். அந்தத் தண்ணீரைத்தான் கீழே ஒருவர் குடிக்கிறார், அது உங்கள் வீடாகவும் இருக்கலாம்.

உங்களிடம் ஒரு வேண்டுகோள். பழைய மஸ்கெலியாவின் ஒளிப்படம் யார் வீட்டுப் பெட்டியிலாவது இருந்தால் எங்களுக்கு அனுப்புங்கள். பிரதி எடுத்துக்கொண்டு பத்திரமாகத் திருப்பித் தருவோம். படம் இல்லையென்றால், அந்தக் கடைவீதியில் எந்தக் கடைக்குப் பக்கத்தில் எந்தக் கடை என்று உங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொல்வதை எழுதி அனுப்புங்கள். அடுத்த இதழ்களில் அந்த வீதியைக் கடை கடையாகக் கட்டிப் பார்க்க ஆசை.

அக்கா மகள் வந்தாள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். மூன்று நாளும் இருந்தாள். இரண்டாம் நாள் சாயங்காலம் ஒரு ஓட்டோ பிடித்து அம்மாவையும் கூட்டிக்கொண்டு மவுஸ்ஸாக்கலைக் கரைக்குப் போனோம். சின்னப் பிள்ளையில் ஓடித் திரிந்த பள்ளம். கல்யாணமான பின் ஐம்பது வருடமாக அம்மா அதைப் பஸ் ஜன்னல் வழியாகத்தான் பார்த்திருக்கிறார். இறங்கி உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. தண்ணீர் நிரம்பியிருந்தது. கோயில் எந்தப் பக்கம் என்று கையைக் காட்டினார். பிறகு நாங்கள் யாரும் பேசவில்லை. காற்று மட்டும் வந்துபோனது.

பத்து நிமிடம் போயிருக்கும். அம்மா எங்களைப் பார்க்காமலே, பக்கத்துத் தேயிலைச் செடியில் முற்றல் இலைகளைக் கிள்ளிப் போட்டுக்கொண்டே கேட்டார்:

"ஏன்டி, இப்படியே எவ்வளவு நேரம் ஒக்காந்திருக்கணும்?"

பேத்தி அவர் கையைப் பிடித்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். "இருட்டுற வரைக்கும் அம்மாயி" என்றாள்.

அன்புடன்,
ஆசிரியர்