தனலட்சுமி எந்தச் சாதி?

பண்டிகை நாளில் டிவியைப் போட்டால் ‘கில்லி’ ஓடிக்கொண்டிருக்கும். 2004-இல் வந்த படம். 2024 ஏப்ரலில் மறுவெளியீடு செய்தபோதும் தியேட்டர்கள் நிரம்பின. வேகம், கபடி, விஜய், பிரகாஷ்ராஜின் ‘செல்லம்’ என்று காரணங்களை அடுக்குவார்கள். எனக்கும் பிடித்த படம்தான். ஆனால் குடும்பமே கூடத்தில் உட்கார்ந்து சங்கடமின்றி இதைப் பார்ப்பதற்கு இன்னொரு காரணம் இருக்கிறது. வேலு என்ன சாதி, தனலட்சுமி என்ன சாதி என்று படம் கடைசிவரை சொல்லாது.

தெலுங்கு மூலமான ‘ஒக்கடு’வில் வில்லன் பெயர் ஓபுல் ரெட்டி. தமிழில் அவன் முத்துப்பாண்டி. பெயரிலிருந்து சாதியை வெட்டியது இந்த மண்ணின் சாதனை. பெயரில் இல்லாததால் ஊரிலும் இல்லை என்று நினைத்துக்கொள்வதுதான் சிக்கல்.

படத்தில் பெண்ணைத் துரத்துகிறவன் ஒரு தனிமனிதன், வெறியன். அவள் குடும்பமே அவனால் பாதிக்கப்பட்டது. நிஜத்தில் துரத்துவது யார்? ‘கில்லி’ வருவதற்கு முந்தைய ஆண்டு, 2003 ஜூலையில், விருத்தாசலம் அருகே கண்ணகியும் முருகேசனும் விஷம் கொடுத்துக் கொல்லப்பட்டார்கள். முருகேசன் தலித். கொன்றது கண்ணகியின் சொந்தக் குடும்பம். 2021-இல்தான் தீர்ப்பு வந்தது. தந்தை, சகோதரனோடு போலீஸ் அதிகாரிகளும் தண்டிக்கப்பட்டார்கள்.

அடைக்கலம் தேடும் பெண்ணை வேலு தன் அறையில் ஒளித்து வைக்கும்போது கைதட்டுகிறோம். அந்த அறையை அரசு கட்டித் தர வேண்டும் என்பதுதான் நம் கோரிக்கை. சக்தி வாஹினி வழக்கில் 2018-இல் உச்ச நீதிமன்றம், மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவும் 24 மணி நேர உதவி எண்ணும் வேண்டும் என்றது. பாதுகாப்பு இல்லங்கள் அமைப்பதைப் பரிசீலிக்கவும் சொன்னது. ஓடிவரும் இணையருக்கு இன்று கிடைப்பது பெரும்பாலும் காவல் நிலையத்தில் பெற்றோரை உட்கார வைத்து நடத்தும் பஞ்சாயத்துதான்.

ஆதிக்கச் சாதி வீடுகளில் பிறந்த தோழர்களுக்கு ஒரு வேலை. அடுத்த முறை ‘கில்லி’ ஓடும்போது, விளம்பர இடைவேளையில் அப்பாவிடம் கேளுங்கள்: “தனலட்சுமி நம்ம வீட்டுப் பொண்ணு, வேலு சேரிப் பையன்னா, நீங்க யாரு பக்கம்?” டிவியை அணைத்துவிடுவார் என்றால், உங்கள் வேலை அங்கேதான் தொடங்குகிறது.