பாண்டியர் பங்காளிச் சண்டையில் நம்ம ஊர் எங்கே இருந்தது?

வெளிநாட்டில் தமிழ்ப் பள்ளி ஆண்டு விழா பார்த்தவர்களுக்கு இந்தக் காட்சி பழக்கம். அட்டையில் ஜிகினா ஒட்டிய கிரீடம், அலுமினியத் தாள் சுற்றிய வாள், "நான் கடல் கடந்து வென்ற சோழன்!" என்று மழலைத் தமிழில் ஒரு கர்ஜனை. கீழே அப்பா அம்மாக்கள் கைதட்டல், செல்போன் வெளிச்சம். நானும் தட்டியிருக்கிறேன், மறுக்கவில்லை. ஆனால் ஒரு விஷயம் கொஞ்ச நாளாக உறுத்துகிறது. பிள்ளைகளுக்கு நாம் சொல்லும் சரித்திரத்தில் ராஜா இருக்கிறார், யானை இருக்கிறது, கொடி இருக்கிறது. ஊர் இல்லை. சண்டை நடந்த வயலுக்குச் சொந்தக்காரன் இல்லை. அதைவிட, தமிழ் ராஜாக்கள் தங்களுக்குள் அடித்துக்கொண்ட கதை அறவே இல்லை.

நான் குடியிருக்கும் எஸ்ஸெக்ஸ் பக்கம் கோல்செஸ்டர் என்று ஒரு பழைய ஊர். 1642 முதல் 1651 வரை இங்கிலாந்தில் ராஜா கட்சிக்கும் பாராளுமன்றக் கட்சிக்கும் நடந்த உள்நாட்டுப் போரில், 1648-இல் இந்த ஊர் பதினோரு வாரம் முற்றுகையில் கிடந்தது. வேடிக்கை என்னவென்றால் ஊர்க்காரர்களில் பெரும்பாலோர் பாராளுமன்றப் பக்கம். உள்ளே வந்து உட்கார்ந்துகொண்டதோ ராஜாவின் படை. வெளியே சுற்றி வளைத்தது ஊர்க்காரர்கள் ஆதரித்த படை. நடுவில் மாட்டியவர்கள் குதிரை, நாய், பூனை வரை தின்று உயிர் பிழைத்தார்கள். சண்டை முடிந்ததும் ஊர் மீது பெரிய அபராதம் வேறு போட்டார்கள்! இன்றும் ஆற்றோரம் ஒரு பழைய மரக்கட்டு வீடு இருக்கிறது, அதன் உத்தரங்களில் துப்பாக்கிக் குண்டு பாய்ந்த ஓட்டைகளைச் சிவப்பு வளையம் போட்டுக் காட்டியிருக்கிறார்கள். பள்ளிப் பிள்ளைகளைக் கூட்டிப்போய் அந்த ஓட்டையைத்தான் முதலில் காட்டுகிறார்கள். மன்னன் சார்லஸ் யார் என்பது அப்புறம்.

இவர்கள் இப்படி ஊர் ஊராக, மாவட்டம் மாவட்டமாக அந்தப் போரை எழுதி வைத்திருக்கிறார்கள். 1645 வாக்கில் டார்செட், வில்ட்ஷயர், சோமர்செட் பகுதிகளில் விவசாயிகள் தடியும் கையுமாகக் கூடி, "ராஜா படையும் வேண்டாம், பாராளுமன்றப் படையும் வேண்டாம், எங்கள் ஆடு மாட்டை எவன் தொட்டாலும் அடிப்போம்" என்று நின்றார்கள். தடிக்காரர்கள் என்றே அவர்களுக்குப் பெயர். ஒரு நாட்டின் உள்நாட்டுப் போரில் எனக்கு ரொம்பப் பிடித்த ஆட்கள் இவர்கள்தான் :-)

நம்மிடம் அப்படி ஒன்றும் இல்லையா? இருக்கிறது. கல்லிலேயே இருக்கிறது. நாம்தான் மேடை ஏற்றுவதில்லை.

1160-களின் பிற்பாதி. மதுரையில் பராக்கிரம பாண்டியன். அவன் பங்காளி குலசேகர பாண்டியன் படையோடு வந்து மதுரையை முற்றுகை போடுகிறான். பராக்கிரமன் இலங்கையில் பொலன்னறுவையில் ஆண்ட பராக்கிரமபாகுவுக்கு ஆள் அனுப்பி உதவி கேட்கிறான். கப்பல் வந்து சேர்வதற்குள் மதுரை விழுந்து, பராக்கிரமன் மனைவி மக்களோடு கொல்லப்பட்டான். தப்பியது வீரபாண்டியன் என்ற மகன். இலங்கைத் தளபதி லங்காபுரன் ராமேசுவரத்தில் இறங்கி, கரையில் கோட்டை கட்டிக்கொண்டு, வீரபாண்டியனை மதுரை அரியணையில் உட்கார வைக்கப் போரைத் தொடர்கிறான். குலசேகரன் சும்மா இருப்பானா? சோழன் இரண்டாம் ராஜாதிராஜனிடம் ஓடுகிறான். சோழப்படை பெருமானம்பி பல்லவராயர் தலைமையில் கிளம்புகிறது.

ஆக, ஒரு குடும்பத்துச் சொத்துத் தகராறு. இந்தப் பங்காளிக்குத் தெற்கே இருந்து ஆள், அந்தப் பங்காளிக்கு வடக்கே இருந்து ஆள்.

இதற்கு இரண்டு தரப்புச் சாட்சிகள் உண்டு. இலங்கையின் பாலி நூலான சூளவம்சம் லங்காபுரனுக்கு வெற்றிமேல் வெற்றி என்று எழுதிக்கொண்டே போகிறது. தொண்டி, மணமேல்குடி பக்கம் புகுந்து சோழநாட்டு ஊர்களை எரித்ததையும், பிடிபட்ட தமிழர்களை இலங்கைக்கு அனுப்பி, முன்பு தமிழ்ப் படைகள் இடித்த தூபிகளைச் செப்பனிட வைத்ததையும் பெருமையாகவே சொல்கிறது. சோழர் கல்வெட்டைப் படித்தால் கதை தலைகீழ். பல்லவராயர் வென்றார், லங்காபுர தண்டநாயகன் முதலான இலங்கைத் தளபதிகளின் தலைகளை மதுரைக் கோட்டை வாசலில் ஆணி அடித்து வைத்தார். சூளவம்சம் தோல்வியைச் சொல்லாது, கல்வெட்டு முதலில் வாங்கிய அடியை விரிவாகச் சொல்லாது. இரண்டையும் அருகருகே வைத்துப் படிக்க வேண்டும். அதுதான் ருசி.

இனிமேல்தான் கதை சூடு பிடிக்கிறது. சோழன் தயவில் மதுரையைப் பிடித்த குலசேகரன், கொஞ்ச காலத்திலேயே இலங்கையோடு ரகசிய உறவு வைத்துக்கொண்டான். சோழனுக்கு வேண்டிய சிற்றரசர்களை வெள்ளாற்றுக்கு வடக்கே துரத்தினான். கோட்டை வாசலில் ஆணி அடித்திருந்த அந்தத் தலைகளையும் எடுக்கச் சொன்னான். (கட்சி மாறினால் முதலில் பழைய கட்சிக்காரன் வைத்த போர்டை எடுப்பது அன்றே ஆரம்பித்துவிட்டது போல.) கடிதங்களும் பரிசுகளும் சிக்கி விஷயம் வெளியே வந்ததும் சோழர்கள் என்ன செய்தார்கள் தெரியுமா? குலசேகரனை விரட்டிவிட்டு, முன்பு இலங்கை எவனுக்காகச் சண்டை போட்டதோ அந்த வீரபாண்டியனையே அரியணையில் உட்கார வைத்தார்கள். இத்தனை ஊரை எரித்து, இத்தனை பேரைக் கொன்று, கடைசியில் இரண்டு பக்கமும் ஒரே ஆளை ராஜா ஆக்கியிருக்கிறது!

இதைத் தமிழன் - சிங்களவன் சண்டையாகச் சொல்பவர்களைக் கேட்கிறேன், இந்தக் கதையில் அந்தக் கோட்டை எந்த இடத்தில் போடுவீர்கள்? லங்காபுரனை அழைத்தவன் மதுரைப் பாண்டியன். அனுப்பிய பராக்கிரமபாகுவின் தந்தைவழிப் பாட்டனாரே ஒரு பாண்டிய இளவரசர், விஜயபாகுவின் தங்கை மித்தாவை மணந்தவர். அதாவது பொலன்னறுவை ராஜாவுக்கு இது ஒருவகையில் தாத்தா வீட்டுச் சண்டை. நேற்றைய இனப் போரின் கண்ணாடியை மாட்டிக்கொண்டு எண்ணூறு வருஷத்துக்கு முன்னால் பார்த்தால் எல்லாம் ஒரே நிறமாகத்தான் தெரியும். இதற்காக 1983-இல் ஆரம்பித்து 2009-இல் முடிந்த போரை இதோடு சமமாக வைக்கிறேன் என்று யாரும் கிளம்பிவிட வேண்டாம். அது வேறு, அதன் காயம் வேறு. ஆனால் காயத்துக்குப் பழைய ராஜாக்களைச் சாட்சிக்கு இழுக்கிறோமே, அவர்கள் அந்தச் சாட்சி சொல்ல மாட்டார்கள் என்கிறேன்.

பிள்ளைகளை விடவும் கூப்பிடவும் வரும்போது வாசலில் பேசிக்கொண்டிருக்கும் ஒரு யாழ்ப்பாணத்து அக்காவிடம் இந்தக் கதையைச் சொன்னேன். அமைதியாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "தம்பி, ஆர் ராசா எண்டதை விடுங்கோ. அந்த மணமேல்குடிச் சனம் எங்க ஓடினது எண்டு கல்வெட்டில கிடக்கே?"

கேள்வி அதுதான்! அதற்கு முழுப் பதில் கிடையாது, ஆனால் பயத்துக்குப் பதில் உண்டு. காஞ்சிபுரத்துக்குப் பக்கத்தில் ஆர்ப்பாக்கம் என்று ஒரு ஊர். அங்கே ஒரு கல்வெட்டு, ராஜாதிராஜனின் ஐந்தாம் ஆட்சியாண்டு. சண்டை நடந்தது ராமநாதபுரம், புதுக்கோட்டைப் பக்கம். ஆர்ப்பாக்கமோ நாலைந்து மாவட்டம் தள்ளி. ஆனாலும் இலங்கைப் படை வருகிறது என்ற செய்தி அங்கேயும் வயிற்றைக் கலக்கியிருக்கிறது. அந்தப் பகுதித் தலைவர் எதிரிலிசோழச் சம்புவராயர், கௌட தேசத்திலிருந்து வந்திருந்த உமாபதிதேவர் என்ற ஞானசிவதேவர் காலில் போய் விழுகிறார். ராமேசுவரம் கோயிலில் கை வைத்து, அங்கே பூஜையையும் நிறுத்திய படை, இங்கே வந்துவிட்டால் என்ன ஆவது என்று கேட்கிறார். தேவர் இருபத்தெட்டு நாள் பூஜை செய்கிறார். பிறகு, இலங்கைத் தளபதிகள் தோற்று ஓடினார்கள் என்று பல்லவராயரிடமிருந்து செய்தி வருகிறது. நன்றிக் கடனாக ஆர்ப்பாக்கம் கிராமத்தையே தேவருக்குத் தானமாகக் கொடுக்கிறார் சம்புவராயர்.

பூஜையால் படை ஓடியதா என்று வாதாடுவது என் வேலை இல்லை. எனக்கு அந்த இருபத்தெட்டு நாள்தான் முக்கியம். பத்திரிகை கிடையாது, டெலிபோன் கிடையாது. தெற்கிலிருந்து வரும் ஒவ்வொரு வண்டிக்காரனையும் நிறுத்தி விசாரித்திருப்பார்கள். நெல்லைப் புதைப்பதா, வண்டி கட்டுவதா என்று வீட்டுக்கு வீடு பேசியிருப்பார்கள். அதை எந்த நாடகத்தில் போட்டோம்? நம் வரலாற்றில் இருபத்தெட்டு நாள் ஒரு பகுதியே பயந்து கிடந்ததற்குக் கல்லில் ஆதாரம் இருக்கிறது. கோல்செஸ்டர்க்காரன் கையில் அது கிடைத்திருந்தால் சிவப்பு வளையம் போட்டிருப்பான்.

இப்போது என் ஊருக்கு வருகிறேன். இடுக்கியில் மூணாறுக்குக் கீழே பள்ளிவாசல். "மசூதியா?" என்று கேட்காத ஆள் கிடையாது. இல்லை சார், ஊர்ப் பெயரே அதுதான். 1940-இல் கேரளத்தின் முதல் நீர்மின் நிலையம் வந்த ஊர். எங்கள் தாத்தா பாட்டி கங்காணி பின்னால் போடிநாயக்கனூர் வழியாக மலையேறி, கொழுந்து கிள்ள வந்தவர்கள். 1956-இல் மாநிலம் பிரித்தபோது தேவிகுளம், பீருமேடு கேரளத்தோடு நின்றன. தமிழ்நாட்டுச் சரித்திரப் புத்தகத்திலும் எங்கள் ஊர் இல்லை, கேரளப் பாடப் புத்தகத்தில் மின்நிலையத்தோடு சரி. பாண்டியனுக்கும் பள்ளிவாசலுக்கும் என்ன சம்பந்தம் என்று யாரும் கேட்கலாம்.

சம்பந்தம் மலை மேலே குடிகளில் இருக்கிறது. முதுவர்கள். அவர்கள் மதுரையிலிருந்து வந்தவர்கள் என்பது அவர்களுடைய வாய்மொழி. மீனாட்சியம்மன் சிலையையும் பிள்ளைகளையும் முதுகில் சுமந்துகொண்டு மலையேறியதால் முதுவர் என்று பெயர் வந்ததாகச் சொல்வார்கள். எப்போது, யாருக்குப் பயந்து என்பதில் வழக்குகள் மாறும். பாண்டியர் விரட்டப்பட்டபோது என்பார்கள், போடியை நாயக்கர்கள் பிடித்தபோது என்பார்கள், மதுரை எரிந்தபோது என்றும் சொல்வார்கள். 1909-இல் தர்ஸ்டன் எழுதிய குலங்கள் பற்றிய தொகுதிகளிலேயே இந்தக் கதை பதிவாகியிருக்கிறது. பெண்கள் பிள்ளையைத் துணியில் கட்டி முதுகில் தூக்கிப்போவதை நான் சின்ன வயதில் எஸ்டேட் ரோட்டில் பார்த்ததுண்டு. இடுக்கியிலேயே கோழிமலையில் மன்னான் மக்களுக்கு இன்றும் ஒரு ராஜா உண்டு. அவர்கள் கதையும் மதுரையில்தான் தொடங்குகிறது.

ஆராய்ச்சியாளர்கள் இதற்குத் தேதி கேட்பார்கள். கேட்கட்டும், கேட்க வேண்டியதுதான். 1160-களில் விழுந்த மதுரையா, 1310-இல் சுந்தர பாண்டியனும் வீரபாண்டியன் என்ற இன்னொருவனும் (பெயருக்குப் பஞ்சம்!) அரியணைக்கு அடித்துக்கொண்டு, 1311-இல் மாலிக் கபூர் படை வந்து நின்ற மதுரையா, அதற்கும் பின்னாலா என்று வாய்மொழியை வைத்து அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் மதுரை ஒவ்வொரு முறை கைமாறியபோதும் ராஜா கட்சிக்காரர்கள் மட்டுமா ஓடியிருப்பார்கள்? ஓடியவர்கள் எங்கே போயிருப்பார்கள்? மேற்கே பார்த்தால் மலை. சூளவம்சத்திலும் சோழக் கல்வெட்டிலும் இல்லாத மூன்றாவது சாட்சி, எழுத்தில்லாத சாட்சி, அந்த மலையில் இருக்கிறது. அதில் வென்றவன் பெயரே இல்லை. என்ன சுமந்து வந்தோம் என்பது மட்டும் இருக்கிறது.

"பிள்ளைகளுக்கு இப்போதுதான் தமிழ் மேலே கொஞ்சம் பெருமை வருகிறது, அதற்குள் பங்காளிச் சண்டையைச் சொல்லிக் கெடுக்காதே" என்று ஒரு நண்பர் சொன்னார். அவர் கவலை நியாயம்தான். ஆனால் இங்கே வளரும் பிள்ளைகள் மோசமான விஷயங்களைப் படிக்காமல் இல்லையே. இங்கிலாந்தில் ராஜா தலையை வெட்டினதைப் பத்து வயதில் சிரித்துக்கொண்டே படிக்கிறார்கள். நம் கதையில் மட்டும் எல்லாரும் நல்லவர்கள், எல்லாரும் ஜெயித்தார்கள் என்றால் பன்னிரண்டு வயதில் "கதை விடுறீங்க அப்பா" என்று எழுந்து போய்விடுவார்கள். எந்தச் சரித்திரமும் வேண்டாம் என்று ஆகிவிடும். எனக்கு அந்தப் பயம்தான்.

அதனால் ஒன்று செய்யலாம் என்று பெற்றோர் கூட்டத்தில் சொல்லியிருக்கிறேன். ஒரு பெரிய வரைபடத்தைத் தரையில் விரிப்பது, பொலன்னறுவையிலிருந்து காஞ்சிபுரம் வரை. ஒவ்வொரு குடும்பமும் தங்கள் ஊரில் ஒரு பொத்தானை வைப்பது. மன்னார்க்காரர், தொண்டிக்காரர், பொன்னமராவதிக்காரர், மதுரைக்காரர் எல்லாரும் எங்கள் வகுப்பில் உண்டு. பிறகு அந்தப் படைகள் போன வழியைச் சிவப்பு நூலால் இழுப்பது, யார் பொத்தான் மேலே நூல் போகிறது என்று பிள்ளைகளே பார்க்கட்டும். அப்புறம் நாடகம். அதில் கிரீடம் நாலு பேருக்கு இருக்கட்டும், ஆர்ப்பாக்கத்து ஜனம் முப்பது பேர் வேண்டும். கூட்டத்தில் பாதிப் பேர் தலையாட்டினார்கள், மீதிப் பேர் டீ ஆறிப்போவதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பொத்தான்கள் மட்டும் வாங்கி வைத்துவிட்டேன். பள்ளிவாசலுக்குப் பச்சை. நூல் அந்தப் பக்கமே வராது என்று தெரியும். மதுரையிலிருந்து மலைக்கு வேறு நிறத்தில் ஒரு நூல் இழுக்க வேண்டும், எந்த நிறம் என்று பையன் இன்னும் முடிவு செய்யவில்லை.