காதுக்கு மதிப்பெண் போடுவது யார்?

மூன்றாம் வகுப்புப் பிள்ளை நிமிடத்துக்கு 60 சொல்லாவது பிழையின்றி, பொருள் புரிந்து வாசிக்க வேண்டும் என்கிறது 2021இல் வந்த ஒன்றிய அரசின் நிபுண் பாரத் திட்டம். இதில் நம் இதழின் நிலை என்ன என்று ஆசிரியர்கள் கேட்கிறார்கள்.

வாசிப்புச் சரளத்தை அளப்பதை ஏற்கிறோம். எல்லா மொழிக்கும் ஒரே எண் என்பதை ஏற்கவில்லை. ‘போய்க்கொண்டிருந்தவர்களுக்கும்’ என்பது நமக்கு ஒரே சொல். 2022ஆம் ஆண்டின் அடிப்படைக் கற்றல் ஆய்வு 20 மொழிகளுக்கும் தனித்தனி அளவு வகுத்தது, அதுவே முறை.

‘பிழையின்றி’ என்பதுதான் நெருடுகிறது. பனமரத்துப்பட்டிப் பிள்ளை ‘வாழைப்பழ’த்தை ‘வாளப்பளம்’ என்று வாசித்தால் மதிப்பீட்டாளர் கோடு போடுகிறார். ‘அற’த்தை ‘அரம்’ என்று வாசித்தால் அவர் காதில் விழுவதே இல்லை. அவரும் அப்படித்தான் சொல்கிறார். ஒலியனியல் கணக்கில் இரண்டும் ஒரே வகை ஒன்றிப்பு: இரு ஒலிகள் ஒன்றாகிவிடுவது. படித்தவரும் தொலைத்த வேறுபாட்டைக் கேட்க ஆளில்லை. தறிக்காரர் வீட்டுப் பிள்ளை தொலைத்தால் மட்டும் அதற்குப் பெயர் கொச்சை.

இந்த நினைப்பு இன்று முளைத்ததல்ல. வைகைக்கு வடக்கு, மருதயாற்றுக்குத் தெற்கு, கருவூருக்குக் கிழக்கு, மருவூருக்கு மேற்கு என்று செந்தமிழ் நிலத்துக்கு எல்லை கட்டினார்கள் தொல்காப்பிய உரையாசிரியர்கள். மருதயாற்றுக்கு வடக்கே இருக்கும் நம் சேலம் அன்றே வெளியே நின்றது. பின்னர் பிராமணப் பேச்சு உயர்வாக எண்ணப்பட்டது. இப்போது பிராமணரல்லாத படித்தோர் பேச்சே, சினிமாவும் வானொலியும் பரப்பிய பொதுப்பேச்சாகிவிட்டது என்று மொழியியலாளர் ஹெரால்டு ஷிஃப்மன் விளக்கியிருக்கிறார். அளவுகோல் கைமாறிக்கொண்டே இருக்கிறது. சேலத்து உழவர் கைக்கு மட்டும் அது வந்ததில்லை.

அமெரிக்காவின் ஆன் ஆர்பரில் 1979இல் ஒரு நீதிமன்றம், கறுப்பினப் பிள்ளைகளின் வீட்டுமொழியை ஆசிரியர்கள் அறிந்து அதற்கேற்ப வாசிக்கக் கற்பிக்க வேண்டும் என்றது. வட்டார உச்சரிப்பைப் பிழையாக எண்ணாதிருப்பது வாசிப்புச் சோதனைகளில் பழகிய நெறியும்கூட. அதைத் தமிழுக்கு உரிய எடுத்துக்காட்டுப் பட்டியலோடு, மாவட்டவாரியாக அச்சிட்டுத் தாருங்கள் என்று இவ்விதழ் கேட்டுச் சலித்துவிட்டது. மேலிடத்திலிருந்து வருவதெல்லாம் பதிவேற்றக் கெடுவும் புதுச் செயலியும்தான். நிமிடத்தை நொடி பிசகாமல் அளக்கத் தெரிந்தவர்களுக்கு, இந்தப் பிள்ளைகளின் பேச்சைக் கேட்க ஒரு நாள் ஒதுக்க முடியவில்லை.

பட்டியல் வரும்வரை நம் பரிந்துரை இது: ழகரம் ளகரமாகவோ யகரமாகவோ ஒலித்தால் கோடு போடாதீர்கள். ஐயம் இருந்தால் ‘ழ’ எந்த எழுத்து என்று காட்டச் சொல்லுங்கள். காட்டிவிட்டால் அந்தச் சொல் சரி.