ராயின் யதார்த்தமும் சுப்ரத மித்ராவின் வெள்ளைத் துணியும்

சத்யஜித் ராயின் 'அபராஜிதோ' (1956) படத்தில் வரும் காசி வீட்டின் முற்றம் காசியில் இல்லை. கல்கத்தாவின் படப்பிடிப்புத் தளமொன்றில் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா கட்டிய அரங்கு அது. மழைக்காலத்தை அஞ்சித் தளத்திலேயே படமெடுக்கத் தீர்மானித்தபோது அதை எதிர்த்தவர் ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ரா. உயர்ந்த சுவர்களுக்கு நடுவே திறந்த வானத்திலிருந்து இறங்கும், நிழல் விழாத பரவலான ஒளியைத் தளத்து விளக்குகளால் உண்டாக்க முடியாது என்பது அவர் வாதம். அது எடுபடவில்லை.

அதன்பின் அவர் செய்தது எளிய காரியம். அரங்கின் மேலே, வானம் தெரிய வேண்டிய அளவுக்கு ஒரு வெள்ளைத் துணியைச் சட்டமிட்டு விரித்தார். விளக்குகளைக் கீழே வைத்து, நடிகர்களை நோக்கியல்லாமல் அத்துணியை நோக்கித் திருப்பினார். ஒளி துணியில் பட்டுத் திரும்பிப் பரவியது. சிறிய விளக்கிலிருந்து நேரே வரும் ஒளி கூர்மையான நிழலை எறியும். அதே ஒளி அகன்ற பரப்பொன்றிலிருந்து வரும்போது நிழலின் விளிம்பு கரைந்துவிடும். இந்த முறையில் ஒளியின் பெரும்பகுதி வீணாகும். அன்றைய தளங்கள் உயரத்தில் கட்டிய விளக்குகளால் முகத்தையும் கூந்தலையும் துலக்கிக் காட்டப் பழகியிருந்தன. சுவரில் இரண்டு மூன்று நிழல்கள் விழுவதை எவரும் குறையாகக் கருதவில்லை. மித்ரா கருதினார். பவுன்ஸ் லைட்டிங் என்று இன்று பாடநூலில் உள்ள முறையை உலகம் பெரும்பாலும் ஸ்வீடனின் ஸ்வென் நிக்விஸ்டின் பெயரோடு சேர்த்தே நினைவுகூர்கிறது. 'அபராஜிதோ'வின் ஆண்டு 1956 என்பதை மட்டும் இங்கே குறித்தால் போதும்.

ராயின் யதார்த்தத்தை விளக்கும் ஆய்வுகள் இத்தாலியப் புதிய யதார்த்தவாதத்தையும் விபூதிபூஷணின் நாவலையும் நேருகாலத் தேசக் கற்பனையையும் பேசுகின்றன. ஒளி எங்கிருந்து வருகிறது என்ற கேள்வி அவற்றில் அரிதாகவே எழுகிறது. 'நாயக்' (1966) படத்தின் ரயில் பெட்டியும் தளத்தில் கட்டப்பட்டதே. நடுக்கூடமும் பெட்டியும் மெய்யென்று நம்பப்படாவிட்டால் அவற்றின்மேல் எழுப்பப்படும் யதார்த்தக் கோட்பாடு எதன்மேல் நிற்கும்? அந்த நம்பகம் மித்ராவின் கைவேலை. அதை இயக்குநரின் 'பார்வை' என்ற ஒற்றைச் சொல்லுக்குள் அடக்கிவிடுவது ஆய்வின் சோம்பல்.

இந்தப் புறக்கணிப்புக்கு அவர் பாணியின் இயல்பும் ஒரு காரணம். குரு தத்தின் 'காகஸ் கே பூல்' (1959) படத்தில் வி. கே. மூர்த்தி இருண்ட தளத்தினூடே பாய்ச்சிய ஒளிக்கற்றை, தன்னைப் பார் என்று சொல்லும் ஒளி. அதன் அழகும் பெரிது, புகழும் பெரிது. மித்ராவின் ஒளி பார்வையாளர் கண்ணில் ஒளியாகவே படுவதில்லை. வெற்றி பெறுந்தோறும் மறைந்துபோகும் கலையைப் பற்றி எழுதக் கூடுதல் உழைப்பு வேண்டும்.

திரைப்படக் கேமராவைக் கையாண்டிராத இளைஞராகவே அவர் 'பதேர் பாஞ்சாலி'யில் சேர்ந்தார். அதற்குமுன் பெற்ற பயிற்சி என்று சொல்லத்தக்கது, ழான் ரெனுவார் வங்கத்தில் 'தி ரிவர்' படத்தை எடுத்தபோது அருகிருந்து, கிளாட் ரெனுவாரின் ஒளியமைப்பைக் கவனித்துக் குறிப்புகளும் வரைபடங்களும் எடுத்துவைத்ததே. (நன்றாகச் சிதார் வாசிப்பார் என்பது வேறு செய்தி.) கண்நோயினால் 'தீன் கன்யா'வை அவர் ஒளிப்பதிவு செய்யவில்லை, அவ்விடத்திற்கு வந்தவர் சௌமேந்து ராய். 'சாருலதா'விலிருந்து (1964) சத்யஜித் ராய் கேமராவைத் தாமே இயக்கத் தொடங்கினார். 'நாயக்'கிற்குப் பின் இருவரும் சேர்ந்து பணியாற்றவில்லை.

ஜேம்ஸ் ஐவரியின் தொடக்ககாலப் படங்கள், பாசு பட்டாச்சார்யாவின் 'தீஸ்ரி கசம்', பின்னர் 'நியூ டெல்லி டைம்ஸ்' ஆகியவை நீங்கலாக, ராய்க்கு வெளியே அவர் பட்டியல் நீண்டதன்று. வேகமும் மலிவும் கேட்ட தொழிலில், ஒரு காட்சிக்குரிய ஒளி கிடைக்கும்வரை விட்டுக்கொடுக்காதவருக்கு வேலை குறைந்ததில் வியப்பில்லை. அதைப் பிடிவாதம் என்று எழுதிக் கடந்துவிடுகிறார்கள். இயக்குநரிடம் இதே குணம் இருந்தால் அதற்குக் கிடைக்கும் பெயர் வேறு.

ஒளிப்பதிவுக்கான தேசிய விருது 'நியூ டெல்லி டைம்ஸ்' படத்திற்காகத்தான் அவருக்குக் கிடைத்தது. அபு முப்படங்கள் முடிந்து கால் நூற்றாண்டுக்கு மேல் ஆகியிருந்தது. 1997 முதல் 2001இல் இறக்கும்வரை கல்கத்தாவில் ஒளிப்பதிவு கற்பித்தார். அவர் கற்பித்த நிறுவனத்தின் பெயர் சத்யஜித் ராய் திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனம்.