செத்த வழக்கும் சாகாத சட்டமும்

வழக்குப் போட்டவன் கோர்ட்டு வாசலில் காத்துக் கொண்டிருக்கும்போதே அவன் வழக்குச் செத்துப் போகும் விந்தையைத் தோழர்களில் பலர் அறிந்திருக்க மாட்டார்கள். தொழிலாளி வேலைநிறுத்தம் செய்கிறான். சர்க்கார் ஒரு சட்டத்தைக் காட்டித் தடை உத்தரவு வாங்குகிறது. அவன் வேலைக்குத் திரும்பிவிட்டு, "இந்தச் சட்டமே செல்லாது" என்று மேல் கோர்ட்டுக்குப் போகிறான். அங்கே அவன் முறை வருவதற்குள் வருஷங்கள் ஓடிவிடுகின்றன. அப்போது நீதிபதிகள், "வேலைநிறுத்தம் முடிந்தது, தடையும் காலாவதியாயிற்று, இனி நாம் தீர்மானிக்க என்ன இருக்கிறது?" என்று கட்டை மடித்து வைத்துவிடுகிறார்கள். வழக்குச் செத்தது, சட்டம் மட்டும் சாகவில்லை!

இது நமது கற்பனையல்ல. அமெரிக்காவில் மிசௌரி மாகாணத்தார் 1947-ல் கிங்-தாம்ஸன் சட்டம் என்று ஒன்று செய்தார்கள். பொதுஜனத் தேவைக்கான கம்பெனிகளில் வேலைநிறுத்தம் ஏற்பட்டால், கவர்னர் அக்கம்பெனியைச் சர்க்கார் வசம் எடுத்துக்கொள்ளலாம். எடுத்த பின் வேலைநிறுத்தம் சட்ட விரோதம். 1956-ல் செயின்ட் லூயிஸ் நகர எரிவாயுத் தொழிலாளர் மீது இது பிரயோகிக்கப்பட்டது. அவர்கள் வழக்கு வாஷிங்டன் சுப்ரீம் கோர்ட்டில் முடிந்தது 1960-ல். முடிவு என்ன? தடை எப்போதோ காலாவதியாகிவிட்டதால் விசாரிக்க ஒன்றுமில்லை என்பதேயாகும். சட்டம் சரியா, தப்பா என்பதற்குப் பதிலே இல்லை.

பதிலில்லாத சட்டம் சும்மா இருக்குமா? 1961 நவம்பரில் கான்சாஸ் சிட்டி பஸ் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தவுடன் அதே ஆயுதம் வெளியே வந்தது. கம்பெனியைச் சர்க்கார் "எடுத்துக் கொண்டது" என்றார்கள். ஆனால் சொத்து ஒன்றும் கைமாறவில்லை. தொழிலாளர் சர்க்கார் சிப்பந்திகளாகவுமில்லை. கம்பெனி பழையபடியே நடந்தது. மாறினது ஒன்றே: வேலைநிறுத்தம் குற்றமாயிற்று. வழக்கு வாஷிங்டன் போய்ச் சேருமுன் கவர்னர் தமது ஆணையை முடித்துக்கொண்டார். உடனே, "வழக்கு முடிந்தது" என்ற பழைய பாட்டு மறுபடியும் பாடப்பட்டது.

இம்முறை அது பலிக்கவில்லை. தகராறு இன்னும் தீரவில்லை, சட்டம் தொழிலாளர் தலைக்குமேல் தொங்கிக் கொண்டேயிருக்கிறது, ஆகவே வழக்குக்கு உயிருண்டு என்று சுப்ரீம் கோர்ட் 1963-ல் கூறிற்று. விசாரித்துப் பார்த்ததில், 1935-ம் வருஷத்துத் தேசியத் தொழிலுறவுச் சட்டம் காப்பாற்றும் வேலைநிறுத்த உரிமையை ஒரு மாகாணம் இப்படிப் பறிக்க முடியாதென்றும் தீர்ப்பாயிற்று. அப்படியானால் 1956 முதல் அந்த ஆயுதத்துக்குப் பயந்து வாயை மூடிக்கொண்டிருந்த தொழிலாளர் நஷ்டத்துக்கு யார் ஜவாப்தாரி?

கோர்ட்டுகள் வெறும் யூகக் கேள்விகளுக்குப் பதில் சொல்லக் கூடாது என்ற விதியில் நியாயமில்லை என்று நாம் சொல்ல வரவில்லை. நிஜமான தாவா இருந்தால்தான் விசாரணை என்பது அமெரிக்க அரசியல் சட்டத்தின் ஏற்பாடு. ஆனால் வேலைநிறுத்தத்தின் ஆயுள் வாரக்கணக்கு. வழக்கின் ஆயுள் வருஷக்கணக்கு. இரண்டையும் ஒரே முழக்கோலால் அளந்தால், அநியாயச் சட்டம் ஒருநாளும் கூண்டில் ஏறாது.

இது தொழிலாளிக்கு மாத்திரம் கேட்கும் சலுகையுமல்ல. 1971-ல் நியூ ஜெர்சியில் வேலைநிறுத்தக்காரர்களுக்குச் சர்க்கார் உதவிப்பணம் கொடுத்ததை எதிர்த்து முதலாளிமார் வழக்காடினார்கள். வேலைநிறுத்தம் சில வாரங்களில் முடிந்தும், அவர்கள் வழக்குச் சாகவில்லை என்று 1974-ல் சுப்ரீம் கோர்ட் 5-க்கு 4 என்ற கணக்கில் தீர்மானித்தது. அதுவும் சரியே என்போம். நியாயத்துக்கு ஆள் பேதம் கிடையாது.

ஆகவே நீதிபதிகள், "சண்டை ஓய்ந்ததா?" என்று மட்டும் கேட்பது போதாது, "அடித்த தடி இன்னும் யார் கையில் இருக்கிறது?" என்றும் கேட்க வேண்டும். தொழிலாளத் தோழர்களும், கூலித் தகராறு தீர்ந்த மாத்திரத்தில் சட்டத்தை மறந்து வீட்டுக்குப் போய்விடலாகாது. இன்று விட்டுவைத்த தடி நாளை அடுத்த ஆலைக்காரன் முதுகில் விழும் என்பதை மிசௌரி காட்டிவிட்டது.