ராஜா சாண்டோ: பேர்ல விருது இருக்கு, படம் எங்கே?

எங்க கோபியில சினிமான்னு பேச்செடுத்தா கொடிவேரி அணையில எடுத்த பாட்டு, எந்த ஹீரோ எந்த வீட்டுல தங்குனாருன்னுதான் போகும். "சாண்டோ"ன்னா உடனே சின்னப்பா தேவர். அவருக்கு முன்னாடியே ஒரு சாண்டோ இருந்தாருங்க. த்ரெட் அவரைப் பத்தி.

புதுக்கோட்டை நாகலிங்கம். பயில்வான். ஜெர்மனியில பிறந்து உலகப் புகழ் வாங்கின யூஜின் சாண்டோ பேர் இவருக்கும் ஒட்டிக்கிச்சு. பம்பாய் மௌனப் படங்கள்ல நடிச்சுப் பேர் வாங்கிட்டு, சென்னை வந்து 'பேயும் பெண்ணும்' (1930), 'அனாதைப் பெண்' (1931) இயக்கினார். தமிழ்ப் பேசும்படம் புராணத்திலேயே சுத்திட்டிருந்தப்போ, 1935-ல் வடுவூர் துரைசாமி ஐயங்கார் நாவலை 'மேனகா'வா எடுத்தார். நடிச்சது டி.கே.எஸ். சகோதரர்கள். பணம் போட்டது திருப்பூர்க்காரங்க!

கோவை சென்ட்ரல் ஸ்டுடியோவுல 'சிவகவி'யை (1943) ஆரம்பிச்சவரும் இவர்தான். முடிச்சது ஸ்ரீராமுலு நாயுடு. கோவையிலேயே இறந்தார். ஐம்பது வயசுகூட ஆகலை.

தமிழக அரசு இவர் பேர்ல விருது வெச்சிருக்கு. ஆனா அந்த ரெண்டு மௌனப் படமும் இன்னைக்கு இல்லை.

"பழைய பிலிம், கெட்டுப்போச்சு"ன்னு சொல்வாங்க. பாதி உண்மை. அந்தக் கால பிலிம் செல்லுலோஸ் நைட்ரேட். (கால் ஆணிக்குத் தர்ற மருந்துல கொலோடியன்னு ஒண்ணு இருக்கே, அதுவும் இதே வகையறாதான்.) சூடும் ஈரமும் பட்டா கெடும், சட்டுனு தீப்பிடிக்கும்.

ஆனா டாக்டரா எனக்கு இந்த மரணச் சான்றிதழ்ல உடன்பாடு இல்லை. 'மார்த்தாண்ட வர்மா' (1933) பிழைச்சிருக்கே? அதே நைட்ரேட், அதே ஈரக் காத்து. நாவலைப் போட்ட பதிப்பாளர் உரிமை வழக்குப் போட்டார், பிரிண்ட் பறிமுதல் ஆச்சு, அவர்கிட்டயே கிடந்துச்சு. 1974-ல் புனே திரைப்பட ஆவணக் காப்பகம் மீட்டுச்சு. ஒருத்தர் பூட்டி வெச்சதால பிழைச்ச படம். மத்ததெல்லாம் ஓடி முடிஞ்சதும் யாருக்கும் வேண்டாத சரக்கு. உலகம் முழுக்க எத்தனையோ பிரிண்டை அதுல இருக்கற வெள்ளிக்காகவே அழிச்சிருக்காங்க. பராமரிப்பு இல்லாம செத்த பேஷன்ட்டுக்கு "முதுமை"ன்னு எழுத என் கை வராது.

விருதை நிறுத்தச் சொல்லலைங்க. அதோட சேர்த்து, கோவை ஸ்டுடியோக்கள்ல எடுத்த படங்களோட பிரிண்ட், ஸ்டில், பாட்டுப் புத்தகம் எது எங்க இருக்குன்னு ஒரு கணக்கெடுப்பு நடத்தலாமே? திருப்பூர், கோவை, ஈரோட்டுப் பரண்கள்ல இன்னும் என்னென்னமோ கிடக்கும்.

உங்க தாத்தா பெட்டியில பழைய பாட்டுப் புத்தகம் இருந்தா, பழைய பேப்பர்கடைக்குப் போடறதுக்கு முன்னாடி அட்டையை மட்டுமாவது போட்டோ எடுத்து இங்க போடுங்க. ரீலே இருந்தா தயவுசெஞ்சு நீங்களா பிரிக்காதீங்க, அடுப்பு பக்கம் வைக்காதீங்க. புனேக்கு எழுதுங்க.