சிதறுதல், பிட்குதல், பிரித்தல்



தியான வேதபாகம்: அப்போஸ்தலர் 8:1-8, 1 கொரிந்தியர் 11:17-34

ஒன்றாயிருப்பது பலவாவதைக் குறிக்கத் தமிழில் பல சொற்கள் உண்டு: சிதறுதல், பிரிதல், உடைதல், பிளத்தல், பிட்குதல். இவை யாவும் ஒரே பொருளுடையன அல்ல.

ஸ்தேவான் மரித்தபின் எருசலேம் சபையார் உபத்திரவத்தால் சிதறினார்கள். அதற்கு லூக்கா எழுதும் கிரேக்கச் சொல், விதைத்தலைக் குறிக்கும் சொல்லிலிருந்து பிறந்தது. சிதறினவர்கள் சென்ற சமாரியாவில் மிகுந்த சந்தோஷம் உண்டாயிற்று. நம் ஊர்ப்பக்கத்தில் மல்லாட்டையின் தோட்டை உடைத்துப் பருப்பை எடுத்தே விதைக்கிறார்கள். தோடு உடைந்ததற்காக எவரும் துக்கிப்பதில்லை. பிழைப்புக்காகச் சென்னைக்கும் பெங்களூருக்கும் சென்ற நம் பிள்ளைகளையும் இழந்துபோனவர்களாக எண்ணாமல், விதைக்கப்பட்டவர்களாக எண்ணி ஜெபிப்போமாக.

பிட்குதல் இன்னொரு வகை. அப்பம் பிட்கப்படுவது பகிர்வதற்காகவே. பிட்காத அப்பம் ஒருவனுக்கே உணவாகும்.

கொரிந்து சபையிலோ, அப்பத்தைப் பிட்ட பந்தியிலேயே மனிதரைப் பிரித்தார்கள். ஒருவன் பசியாயிருக்க, மற்றொருவன் வெறித்திருந்தான். அதைக் கர்த்தருடைய இராப்போஜனம் என்று ஏற்கப் பவுல் மறுத்துவிட்டார்.

அப்படியானால், பிரிவு எல்லாம் பாவமா? 19ஆம் நூற்றாண்டில் லைப்சிக் மிஷனைச் சேர்ந்த கார்ல் ஓக்ஸ், சபைக்குள் சாதி வேற்றுமைக்கு இடங்கொடுக்கலாகாது என வாதிட்டு அம்மிஷனை விட்டு விலகினார். மேல்பட்டாம்பாக்கத்தில் அவர் தொடங்கிய பணி 1860-களில் டேனிஷ் மிஷனோடு இணைந்தது. நம் திருவண்ணாமலையில் டேனிஷ் மிஷன் பள்ளி இன்றும் அம்மிஷனின் பெயரைத் தாங்கி நிற்கிறது. ஓக்ஸ் பிரிந்தது, மனிதரைப் பிரிக்கும் சுவரை உடைப்பதற்காக.

அச்சுவர் இன்னும் முற்றிலும் விழவில்லை. திருச்சி மேலப்புதூர்க் கல்லறைத் தோட்டத்தில் இறந்தோரையும் சாதிச்சுவர் பிரித்ததை நாம் அறிவோம். "சமாதானத்துக்காகத்தான் தனித்தனியே இருக்கிறோம்" என்று சிலர் சொல்லக்கூடும். என் கருத்தில், அது சமாதானமன்று. பிளவுக்குச் சூட்டப்பட்ட நற்பெயர். ஒரே பாத்திரத்தில் பங்குபெறுகிறவர்கள் கல்யாணப் பேச்சிலும் கல்லறைக் குழியிலும் வேறாவார்களானால், அவர்கள் பங்குபெற்றது எதில்?

அடுத்த முறை திருவிருந்துக்கு வருமுன், நாம் எவரை விட்டு விலகி நிற்கிறோம், எதற்காக விலகி நிற்கிறோம் என்று நம்மைநாமே சோதித்தறிவோம். ஒப்புரவாக வேண்டிய சகோதரர் இருப்பாரானால், முதலில் அவர் வீட்டுக்குச் செல்வோம்.

நமக்காகப் பிட்கப்பட்டவர் நம்மை ஒன்றாக்குவாராக. ஆமென்.